வந்தவர் வென்ற நாள்

1999ஆம் ஆண்டு ஜனவரி 31ஆம் தேதி, தைப் பௌர்ணமியும் ஞாயிற்றுக்கிழமையும் கூடிய நாளில், சென்னை சேப்பாக்கம் எம்.ஏ. சிதம்பரம் மைதானத்தில், வெற்றிக்கு இன்னும் 17 ரன்களே வேண்டியிருந்த தறுவாயில் டெண்டுல்கர் ஆட்டமிழந்து, அவருக்குப் பின் நின்றவர்கள் நான்கே ரன்களுக்குள் சரிந்து, இந்திய அணி 12 ரன் வித்தியாசத்தில் பாகிஸ்தானிடம் தோற்றபோது, கேலரிகளில் நிறைந்திருந்த ஜனங்கள் முதலில் வாயடைத்துப் போனார்கள். பிறகு எழுந்து நின்று, வென்றவர்களுக்குக் கரகோஷம் செய்தார்கள். அந்த ஒலியைக் கேட்ட பாகிஸ்தான் வீரர்கள், உடை மாற்றும் அறைக்குத் திரும்பாமல், மைதானத்தை ஒரு முறை சுற்றிவந்து அந்த மரியாதையை ஏற்றுக்கொண்டார்கள்.

இதைப் பற்றி உலகத்துக் கிரிக்கெட் எழுத்தாளர்கள் பலர் எழுதிவிட்டார்கள். அன்றைய பாகிஸ்தான் அணித்தலைவர் வாசிம் அக்ரமும் அதற்குப் பின் எத்தனையோ பேட்டிகளில் அதை நெகிழ்ச்சியோடு நினைவுகூர்ந்திருக்கிறார். சென்னை ரசிகர்களுடைய கிரிக்கெட் ஞானத்தின் விளைவு அது என்று சொல்லி முடித்துவிடுவதே வழக்கமாயிருக்கிறது. ஞானம் இருந்தது மெய்தான். ஆயினும், ஆட்ட நுணுக்கம் அறிந்தவர்கள் நிறைந்த ஊர்கள் நம் தேசத்தில் வேறும் உண்டு; தோல்வியின் வேளையில் அங்கெல்லாம் நடந்தது இதுவன்று. சேப்பாக்கத்தில் அன்று வெளிப்பட்டது ஆட்ட அறிவுக்கும் மேற்பட்ட ஒரு சீலம் என்றும், அந்தச் சீலம் மைதானத்துக்கு அக்கம்பக்கமுள்ள திருவல்லிக்கேணி, மயிலாப்பூர்வாசிகளுக்கு மாத்திரம் உரியதன்று, விடியற்காலை மின்சார ரயிலேறிவந்த வேப்பம்பட்டு, திருநின்றவூர், ஆவடி, அம்பத்தூர் ஜனங்களுக்கும் உரியது என்றும் எடுத்துச் சொல்லவே இதை எழுதப் புகுந்தேன்.

அயல்நாட்டுக்குச் சுற்றுப்பயணம் செல்லும் ஓர் அணி, தன் நாட்டுக் கொடியைச் சுமந்து வருகிறதே தவிர, தன் ஜனங்களைக் கூட்டி வருவதில்லை. பதினொரு பேர் களத்தில் நிற்க, சுற்றியிருக்கும் பல்லாயிரம் முகங்களில் ஒன்றுகூடத் தமக்குப் பரிச்சயமில்லாதிருக்க, தாம் எடுக்கும் விக்கெட்டுக்கு எழும் மௌனத்தையும், தாம் இழக்கும் விக்கெட்டுக்கு எழும் ஆரவாரத்தையும் நாள் முழுவதும் தாங்கிக்கொண்டு ஆடவேண்டிய அவர்களுக்கு, அந்த ஊராரின் பண்பன்றி வேறு துணையில்லை. வாசலுக்கு வந்தவனை உள்ளே அழைத்து இலை போட்ட பிறகு, அவன் நம்மைவிட நன்றாகச் சாப்பிட்டுவிட்டான் என்று முகத்தைத் திருப்பிக்கொள்வது நம் குடும்பங்களில் வழக்கமில்லை. மைதானத்துக்கும் அந்த நியாயம் பொருந்துமென்று நம்பியவர்கள் அன்று சேப்பாக்கத்தில் பெரும்பான்மையோராக இருந்தார்கள் என்பதே என் எண்ணம்.

மெட்ராஸுக்கும் பாகிஸ்தான் அணிக்கும் ஏற்பட்ட தொடர்பு 1999இல் முளைத்ததன்று. பிரிவினையின் ரணம் ஆறாதிருந்த 1952ஆம் ஆண்டில், அப்துல் ஹபீஸ் கர்தாரின் தலைமையில் பாகிஸ்தானின் முதல் டெஸ்ட் கோஷ்டி இந்தியாவுக்கு விஜயம் செய்தபோது, நான்காவது பந்தயம் நவம்பர் 28ஆம் தேதி சேப்பாக்கத்தில்தான் தொடங்கியது. கர்தாரும், அவர் கோஷ்டியைச் சேர்ந்த அமீர் இலாஹியும் அதற்குச் சில ஆண்டுகள் முன்பு இந்தியாவுக்காக ஆடியவர்கள். நேற்று நம்மவராயிருந்தவர் இன்று அயலாராக வந்து நின்ற விசித்திரத்தை மெட்ராஸ் ஜனங்கள் பிரத்தியட்சமாகக் கண்டார்கள். நாற்பத்து நான்கு வயதான இலாஹி, ஜுல்பிகர் அகமதுவோடு சேர்ந்து கடைசி விக்கெட்டுக்கு 104 ரன் சேர்த்துவிட்டார். பிறகு மழை குறுக்கிட, பந்தயம் முடிவின்றிப் போயிற்று. அதே ஆண்டு பிப்ரவரியில், அதே மைதானத்தில்தான், வினு மன்கட் 12 விக்கெட்டுகளைச் சாய்க்க, இந்தியா இங்கிலாந்தைத் தோற்கடித்துத் தன் முதல் டெஸ்ட் வெற்றியைப் பெற்றிருந்தது. ஒரே ஆண்டில் இவ்விரண்டையும் காணும் பாக்கியம் பெற்ற தலைமுறையிடமிருந்துதான் அடுத்த தலைமுறைகள் ஆட்டம் பார்க்கக் கற்றுக்கொண்டன.

அதன் பின் 1961இல் வந்தார்கள். 1980இல் வந்தபோது கவாஸ்கர் 166 ரன் குவிக்க, கபில் தேவ் மட்டையாலும் பந்தாலும் வதைக்க, பத்து விக்கெட் வித்தியாசத்தில் தோற்றுப்போனார்கள். எல்லையில் இரு தரப்புப் படைகளும் குவிந்து நின்ற 1987 பிப்ரவரியில், நம் ஸ்ரீகாந்த் 123 ரன்னும் இம்ரான் கான் ஆட்டமிழக்காமல் 135 ரன்னும் எடுத்தார்கள். அப்பால் பத்தாண்டுகள் கழித்து, 1997 மே 21ஆம் தேதி, ஒருநாள் ஆட்டமொன்றில் சயீத் அன்வர் சென்னையின் கோடையில் கால் தளர்ந்து, அஃப்ரிதியைத் தமக்காக ஓடவிட்டுக்கொண்டு, 194 ரன் எடுத்து, விவியன் ரிச்சர்ட்ஸின் உலக சாதனையைக் கடந்தார். நம் அணி தோற்றுக்கொண்டிருக்கிறது என்பது தெரிந்தும் அன்றும் சேப்பாக்கம் கைதட்டத் தவறவில்லை.

1999ஆம் ஆண்டின் சந்தர்ப்பமோ மிகவும் கடினமானது. முந்திய ஆண்டு மே மாதத்தில் பொக்ரானில் நாமும், சாகாயில் அவர்களும் அணுகுண்டு வெடித்துப் பரிசோதித்திருந்தோம். இரு நாடுகளும் டெஸ்ட் ஆடி ஒன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. 1991இல் மும்பை வாங்கடே மைதானத்தின் ஆடுகளத்தைச் சிவசேனைக்காரர்கள் கொத்திப்போட, அந்தச் சுற்றுப்பயணமே ரத்தாயிற்று. இம்முறையும் அவர்கள் டில்லி பெரோஸ் ஷா கோட்லா மைதானத்துக்குள் புகுந்து ஆடுகளத்தைத் தோண்டிவிட்டார்கள். மும்பையில் கிரிக்கெட் வாரிய அலுவலகத்தையும் சூறையாடினார்கள். டில்லியில் நடக்கவிருந்த முதல் டெஸ்ட் அங்கே நடத்த இயலாததாகி, சென்னைக்கு மாற்றப்பட்டது. ஆக, ஒரு நகரம் வரவேற்கத் தயங்கிய விருந்தாளியை முதலில் வரவேற்கும் பொறுப்பு நமக்கு வாய்த்தது.

ஆட்டத்தின் முதல் மூன்று நாட்களைப் பற்றிச் சுருக்கமாகச் சொன்னால் போதும். கும்ப்ளே ஆறு விக்கெட் எடுக்க, பாகிஸ்தான் 238 ரன்னில் முடிந்தது. சென்னைப் பையனான சடகோபன் ரமேஷ் தம் முதல் டெஸ்டில் 43 ரன் எடுத்துத் தொடங்கிவைக்க, திராவிடும் கங்குலியும் அரைச் சதம் அடிக்க, டெண்டுல்கர் மூன்றாவது பந்திலேயே சக்லைன் முஷ்டாக்கிடம் பூஜ்யத்தில் வீழ்ந்தும், இந்தியா 254 ரன் சேர்த்தது. இரண்டாவது இன்னிங்சில் இளைஞரான அஃப்ரிதி 141 ரன் விளாசினார். வெங்கடேஷ் பிரசாத் ஒரு கட்டத்தில் 18 பந்துகளில் ஒரு ரன்னும் கொடாமல் ஐந்து விக்கெட் எடுத்தது, சேப்பாக்கத்தில் நான் கண்ட பந்துவீச்சுகளில் மறக்கொணாதது. நான்கு விக்கெட்டுக்கு 275 என்றிருந்தவர்கள் 286க்குள் அடங்கிவிட்டார்கள். நமக்கு இலக்கு 271.

மூன்றாம் நாள் மாலையிலேயே வக்கார் யூனுஸ் தொடக்க ஆட்டக்காரர் இருவரையும் அனுப்பிவிட்டார். நான்காம் நாள் காலையில், அக்ரமின் பந்தொன்று திராவிடின் மட்டையைக் கடந்து ஆஃப் ஸ்டம்பை வீழ்த்தியபோது, என் பக்கத்தில் அமர்ந்திருந்த வயோதிகர், நம் விக்கெட் விழுந்த துக்கத்தை ஒரு கணம் மறந்து, "அடடா!" என்றார். அவரைக் கடிந்துகொள்ள அந்த வரிசையில் ஒருவருக்கும் தோன்றவில்லை. அஸாருத்தீன் போனார். கங்குலி அடித்த பந்து அருகே நின்றவர் மேல் பட்டு, தரையையும் தொட்டு எழும்பியதோ என்ற ஐயம் நீங்காதிருக்க, விக்கெட் காப்பாளர் மொயின் கான் அதைப் பிடித்ததும் அவரும் அவுட் என்று தீர்ப்பாயிற்று. ஐந்து விக்கெட்டுக்கு 82. ஜனங்கள் ஆத்திரங்கொள்ள ஒரு முகாந்திரம் வேண்டுமென்றால், அந்தத் தீர்ப்பு ஒன்றே போதுமானதாக இருந்தது.

அதற்கு மேல் நடந்ததுதான் ஆட்டம். டெண்டுல்கரும் நயன் மோங்கியாவும் சேர்ந்து, வெயில் ஏற ஏற, ஒன்றும் இரண்டுமாக, பிறகு நான்கு நான்காக, 136 ரன் சேர்த்தார்கள். முதுகு வலி டெண்டுல்கரைப் பிடித்துக்கொண்டதை கேலரியின் மேல்வரிசையிலிருந்தே காண முடிந்தது; ஒவ்வொரு ஓவருக்கும் இடையில் அவர் இடுப்பில் கைவைத்து வளைந்து நிமிர்வதும், மறுபடி வந்து காவல் எடுத்துக்கொள்வதும், அதைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களின் முதுகையும் வலிக்கச் செய்தன. மோங்கியா 52 ரன்னில் போன பின், வலி மிகுந்த நிலையில், நின்று ஆடுவதைவிட அடித்து முடிப்பதே வழியென்று தீர்மானித்தவர்போல் அவர் பவுண்டரிகளாக விளாசினார். 254 ரன் ஆயிற்று. சக்லைனின் அடுத்த பந்தை மீண்டும் தூக்கி அடித்தார். மட்டையின் நடுப்பாகத்தில் படாத பந்து செங்குத்தாக மேலே எழுந்தது. அது கீழே வரும் வரை மைதானத்தில் ஒருவரும் மூச்சு விட்டதாகத் தெரியவில்லை. அக்ரம் அதன் கீழ் வந்து நின்று பிடித்துக்கொண்டார். டெண்டுல்கரின் 136 ரன்னோடு நம் நம்பிக்கையும் முடிந்தது. சுனில் ஜோஷி, கும்ப்ளே, ஸ்ரீநாத் மூவரும் அடுத்தடுத்துப் போய், 258 ரன்னில் எல்லாம் அடங்கிற்று. சக்லைனுக்கு ஆட்டம் முழுவதும் சேர்த்துப் பத்து விக்கெட்.

கரகோஷத்துக்கு முந்திய அந்த நிசப்தத்தைப் பற்றி எழுதுவோர் குறைவு. என் வரையில் அதுவே முக்கியமானது. சென்னை ஜனங்களுக்குத் தோல்வி வலிக்கவில்லை, நல்ல ஆட்டம் கிடைத்தால் போதுமென்று அவர்கள் இருந்தார்கள் என்று சிலர் சொல்வதுண்டு. அப்படிச் சொல்பவர்கள் அன்று அங்கே இருந்திரார்கள். வலித்தது. பெரியவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டதைக் கண்டேன். உள்ளே டெண்டுல்கர் அழுதுகொண்டிருந்ததையும், ஆட்ட நாயகன் விருதை வாங்க வெளியே வராததையும் பிறகு பத்திரிகைகளில் படித்தோம். அந்த வலி தொண்டையை அடைத்துக்கொண்டிருக்கையிலேயே, எங்கோ ஒரு மூலையில் யாரோ தட்டிய கை பக்கத்து ஸ்டாண்டுக்குப் பரவி, அங்கிருந்து அடுத்ததற்குப் பரவி, வட்டம் முழுவதையும் சுற்றிவந்தது. பச்சைத் தொப்பி அணிந்தவர்கள் கைகளை உயர்த்திக்கொண்டு எங்கள் ஸ்டாண்டைக் கடந்தபோது, எங்களுக்கு முன் நின்ற இளைஞர்கள் சிலர் பெயர் சொல்லி "வாசிம்! சக்லைன்!" என்று கூவினார்கள். காலையில் அதே பெயர்களைச் சொல்லி ஏசிக்கொண்டிருந்தவர்களும் அவர்களில் இருந்தார்கள்.

அன்று நான் போனது, வேப்பம்பட்டில் என் தெருவிலேயே குடியிருந்த ஒருவரோடு. அவர் ஆவடி கனரக வாகனத் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். எங்கள் பக்கத்தில் 'டாங்கி பேக்டரி' என்று சொன்னால்தான் சின்னப் பிள்ளைகளுக்கும் விளங்கும். 1961இல் நிறுவப்பட்ட அந்த ஆலையிலிருந்து 1965இல் முதல் விஜயந்தா டாங்கி வெளிவந்தது. 1971 யுத்தத்தில் அவை பாகிஸ்தானுக்கு எதிராகக் களம் புகுந்தன. பட்டாபிராம் முதல் திருவள்ளூர் வரை, ரயில் பாதையின் இரு புறமும், அந்த ஆலையின் சங்கொலிக்கு எழுந்து, அந்த ஆலையின் சம்பளத்தில் மனை வாங்கி, வீடு கட்டி, பிள்ளைகளைப் படிக்கவைத்த குடும்பங்கள் எத்தனையோ. எதிரி யார் என்ற கேள்வி இந்த ஜனங்களுக்குப் பத்திரிகைச் செய்தியன்று. அவர்கள் அன்றாடம் கையால் முடுக்கும் ஆணியில் இருந்தது அது. அப்படிப்பட்ட மனிதர், விடிகாலைப் பனியில் வேப்பம்பட்டு ரயில் நிலையத்தில் என்னோடு நின்று, திருவள்ளூர் லோக்கலில் இடம் கிடைக்காமல் கதவோரம் தொங்கி, சென்ட்ரலில் இறங்கி, பார்க் டவுனில் பறக்கும் ரயிலேறி, சேப்பாக்கத்துக் காவலர்களின் சோதனைக்கெல்லாம் உட்பட்டு உள்ளே புகுந்து, நாள் முழுவதும் சிமெண்டுப் படியில் வெந்து, கடைசியில் பாகிஸ்தான் அணிக்காக எழுந்து நின்று கைதட்டினார்.

திரும்பி வரும்போது ரயிலில் பேச்சு குறைவாகவே இருந்தது. யாரோ ஓர் இளைஞன், "எதிரிக்குப் போய்க் கைதட்டினோமே, சரியா அண்ணே?" என்று அவரைக் கேட்டான். அவர் சற்று யோசித்து, "நம்ம ஊருக்கு வந்து ஆடினாங்கப்பா. நல்லா ஆடினாங்க. அதுக்குத்தான் தட்டினோம். நாளைக்குக் காலையில நான் ஷிப்டுக்குப் போகணும், அது வேற" என்றார். அரசியல் ஞானிகள் பக்கம் பக்கமாக எழுதி விளக்கும் வித்தியாசத்தை அந்த மனிதர் அம்பத்தூருக்கும் ஆவடிக்கும் இடையில் சொல்லி முடித்துவிட்டார். வேப்பம்பட்டில் இறங்கினோம். ரயில்வே கேட்டருகே தேநீர்க் கடையில், நாள் முழுவதும் ஆட்டத்தைக் கேட்டுக்கொண்டிருந்தவர்கள் கலையாமல் நின்று, எங்களைக் கண்டதும் முதலில் கேட்டது, "எழுந்து நின்னாங்களாமே, நிஜமா?" என்பதுதான்.

அடுத்த வாரங்களில் நடந்தவை தெரிந்தவையே. பாம்புகளை மைதானத்துக்குள் விட்டுவிடுவார்களோ என்று பயந்து பாம்பாட்டிகளை வைத்துக் காவல் காத்த கோட்லாவில், பிப்ரவரி 7ஆம் தேதி, கும்ப்ளே 74 ரன் கொடுத்து ஓர் இன்னிங்சின் பத்து விக்கெட்டுகளையும் வீழ்த்தினார். தொடர் ஒன்றுக்கு ஒன்று என்று சமமாயிற்று. கல்கத்தாவில் ஆசிய டெஸ்ட் சாம்பியன்ஷிப் ஆட்டத்தில், ஷோயப் அக்தர் மீது மோதியதால் டெண்டுல்கர் ரன் அவுட் ஆக, ஈடன் கார்டன் கொந்தளித்து, கடைசி நாளில் போலீசார் பார்வையாளர்களை வெளியேற்றி, காலியான மைதானத்தில் ஆட்டத்தை முடிக்க வேண்டியதாயிற்று. பிப்ரவரி 20ஆம் தேதியான அதே தினத்தில்தான் பிரதமர் வாஜ்பாயி பேருந்தில் வாகா எல்லையைக் கடந்து லாகூர் போனார். மே மாதத்தில் கார்கிலில் யுத்தம் மூண்டது. ஆகையால், சேப்பாக்கத்துக் கரகோஷம் இரு நாடுகளையும் இணைத்துவிட்டது என்று நான் சொல்ல வரவில்லை. விளையாட்டு மைதானத்தால் ஆகிற காரியமன்று அது. ஜனங்களின் நடத்தைக்கு ராஜ்யங்களின் நடத்தையை அளவுகோலாக வைப்பதும் நியாயமன்று.

சேப்பாக்கத்தின் கதவு எப்போதும் எல்லோருக்கும் திறந்தேயிருந்தது என்றும் சொல்வதற்கில்லை. 1982 செப்டம்பரில் இலங்கை அணி இந்தியாவில் ஆடிய முதல் டெஸ்டில், துலீப் மெண்டிஸ் இரண்டு இன்னிங்சிலும் 105 ரன் எடுத்தது இதே மைதானத்தில்தான். ஆனால் 2013இல், ஈழத் தமிழரின் துயரத்தால் தமிழகம் கொதித்திருந்த வேளையில், மாநில அரசின் வற்புறுத்தலுக்கு இணங்க, இலங்கை வீரர்கள் சென்னையில் ஐ.பி.எல். ஆட்டங்களில் ஆடாதபடி விலக்கப்பட்டார்கள். அந்தத் துயரத்தின் ஆழத்தை அறிந்தவன் ஆகையால், அப்படித் தீர்மானித்தவர்களை நான் நிந்திக்கமாட்டேன். எனினும், தனியொரு ஆட்டக்காரனை வாசலிலேயே நிறுத்தியதால் நம் துயரம் எள்ளளவும் குறைந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

பாகிஸ்தான் அணி கடைசியாக டெஸ்ட் ஆட இந்தியா வந்தது 2007இல். அப்போது சென்னைக்கு ஆட்டம் ஒதுக்கப்படவில்லை. 2012 டிசம்பர் 30ஆம் தேதி, ஒருநாள் தொடரின் முதல் ஆட்டத்துக்குச் சேப்பாக்கம் வந்தார்கள். தோனி சதமடித்தும் அவர்களே வென்றார்கள். அதுமுதல் இரு நாடுகளுக்குமிடையே சுற்றுப்பயணமே இல்லை. 2023 உலகக் கோப்பையின்போது ஆப்கானிஸ்தானோடும் தென்னாப்பிரிக்காவோடும் ஆட இங்கே வந்து போனார்கள். அது நம் அழைப்பின்பேரில் வந்த வருகையன்று. 2024 டிசம்பரில் சர்வதேச கிரிக்கெட் கவுன்சில், 2027 வரை தன் போட்டிகளில் இவ்விரு நாடுகளும் பொதுவான மூன்றாம் நாட்டிலேயே மோதும் என்று அறிவித்துவிட்டது. பஹல்காம் படுகொலைக்குப் பின், 2025 செப்டம்பரில் துபாயில் ஆடியபோது கைகுலுக்கவும் இல்லை. அந்தப் படுகொலையில் உயிரிழந்தவர்களின் குடும்பத்தார் முன்னால் நின்று, கைகுலுக்கியிருக்க வேண்டும் என்று சொல்லும் அதிகாரம் எனக்கில்லை. ஆயினும், இன்று வேப்பம்பட்டில் காலி மனைகளில் டென்னிஸ் பந்து வைத்து ஆடும் சிறுவர்களுக்கு, பாகிஸ்தான் ஆட்டக்காரன் என்றால் தொலைக்காட்சியில், பாலைவனத்து விளக்கொளியில், விளம்பரங்களுக்கிடையே தோன்றும் உருவம் மாத்திரமே என்பது என்னை வருத்துகிறது. எதிரே நின்று ஆடுபவனின் வியர்வையையும் களைப்பையும் நாள் முழுவதும் பார்த்தவனுக்கு உண்டாகும் மரியாதை, திரையில் பார்ப்பவனுக்கு உண்டாவதில்லை; அந்தப் பயிற்சியை நாம் ஒரு தலைமுறைக்கே இல்லாமற் செய்துவிட்டோம்.

காலம் மாறும், அரசுகளும் மாறும், என்றேனும் ஒருநாள் அவர்கள் மீண்டும் டெஸ்ட் ஆட இந்தியா வருவார்கள். அப்போது அட்டவணை வகுக்கும் கிரிக்கெட் வாரியத்துக்கு ஒரு விண்ணப்பம். முதல் டெஸ்டைச் சேப்பாக்கத்துக்குக் கொடுங்கள். 1999ஐப்போல் வேறோர் ஊரின் ஆடுகளம் தோண்டப்பட்டதால் செய்யும் மாற்று ஏற்பாடாகவன்றி, முதலிலேயே எங்கள் பெயரை எழுதிக் கொடுங்கள்.